பதினான்கு நாள் கெடு

"குடியிருப்புக்கு நடுவே மாடு எதற்கு?" தாமான் எனப்படும் வீடமைப்புப் பகுதிகளின் கூட்டங்களிலும் நாளிதழ்களின் வாசகர் கடிதங்களிலும் கல்யாண வீட்டுப் பந்தியிலும் இந்தக் கேள்வி அடிக்கடி காதில் விழுகிறது. கேட்பவர் பதிலை எதிர்பார்த்துக் கேட்பதில்லை. முடிவு அவர் மனத்தில் எப்போதோ எழுதப்பட்டுவிட்டது. மாடு என்றால் ஈ, ஈ என்றால் நோய். ஆகவே புகார் போனதும் அமலாக்க அதிகாரிகள் வர வேண்டும், நோட்டீசு ஒட்ட வேண்டும், கெடு முடிந்ததும் லாரி வந்து ஏற்றிக்கொண்டு போக வேண்டும். மாடு போய்விட்டால் ஊர் சுத்தமாகிவிடும். இப்படிப் பேசுகிறவர்களில் பலர் நம்மவர்கள். லயத்து வீட்டில் பிறந்து, அம்மா கறந்த பாலைக் குடித்து, அந்தப் பால் விற்ற காசில் பள்ளிச் சட்டை தைத்துக்கொண்டவர்கள். அவர்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் அவர்கள் சொல்வது தவறு. சுகாதாரம் என்றால் என்ன என்பதிலேயே அது தவறுகிறது. சட்டம் எதைத் தடுக்கிறது என்பதிலும் தவறுகிறது. அந்தத் தவறுக்கான விலையை ஊரிலேயே குறைவான காசு உள்ளவர் கொடுக்கிறார்.

பைராம் தோட்டத்திலிருந்து தொடங்குகிறேன். பினாங்கு மாநிலத்தின் பெருநிலப் பகுதியில், செபராங் பிறையின் தென்கோடியில், நிபோங் திபாலை ஒட்டிய தோட்டம் அது. பெயர் இங்கிலாந்தின் யார்க்‌ஷயரிலிருந்து வந்தது. அங்கே பைராம் என்பது ராம்ஸ்டன் என்ற பிரபுக் குடும்பத்தின் மாளிகையாக இருந்தது. கலிடோனியா, விக்டோரியா, வால்டோர் என்று இந்த வட்டாரத்துத் தோட்டங்கள் பலவும் அந்தக் குடும்பத்துக் கம்பெனியின் கையில் இருந்தவை. முதலில் கரும்பு நட்டார்கள், பிறகு ரப்பர், அதன் பிறகு செம்பனை. பயிர் மாறியது, துரை மாறினார், கம்பெனி மாறியது. கப்பலேறி வந்த நம் ஆட்கள் மட்டும் தலைமுறை தலைமுறையாக இந்த மண்ணிலேயே இருந்தார்கள். லயத்துக்குப் பின்னால் ஒரு பசுவும் கன்றும் கட்டியிருப்பது அந்த வாழ்க்கையின் ஒரு பகுதி. சம்பளம் சாப்பாட்டுக்குப் போகும், மாடுதான் சேமிப்பு. மகளுக்குத் தாலி வாங்கவும் மகனைக் கல்லூரிக்கு அனுப்பவும் ஒரு காளைக்கன்று விற்கப்பட்டிருக்கும். அதை வாங்கிப் போனவர் பெரும்பாலும் ஹஜ்ஜுப் பெருநாள் குர்பானுக்கு மாடு தேடி வந்த பக்கத்துக் கம்பத்து மலாய்க்காரராக இருப்பார். இந்த நாட்டில் இனம் தாண்டி நடந்த அமைதியான கொடுக்கல் வாங்கல்களில் அதுவும் ஒன்று. அதைப் பற்றி யாரும் எழுதி நான் படித்ததில்லை என்பதால் இங்கே ஒரு வரி எழுதி வைக்கிறேன்.

அந்தப் பைராமின் பெயரைத் தாங்கிய சதுப்புநிலக் காட்டோடுதான் புலாவ் பூரோங் குப்பைக்கிடங்கு இருக்கிறது. பினாங்குத் தீவின் வீட்டுக் குப்பையும் செபராங் பிறையின் வீட்டுக் குப்பையும் நாள்தோறும் ஆயிரம் டன்னுக்கும் மேலாக அங்கே வந்து இறங்குகின்றன. ஜார்ஜ் டவுனில் ஒருவர் மீதம் வைத்த நாசி கண்டாரும், சுற்றுலாப் பயணி தூக்கிப் போட்ட பாலித்தீன் பையும் கடைசியில் வந்து சேரும் இடம் இதுதான். அந்தக் குப்பையிலிருந்து கசியும் கருநீரை எப்படிச் சுத்திகரிப்பது என்று நிபோங் திபாலில் உள்ள மலேசிய அறிவியல் பல்கலைக்கழகப் பொறியியல் வளாகத்தின் ஆய்வாளர்கள் ஆண்டுக்கணக்கில் எழுதி வருகிறார்கள். 2022 ஜனவரியில் கிடங்கு தீப்பிடித்தது. மேலே அணைந்தாற்போல் தெரிந்தாலும் அடியில் கனன்றுகொண்டே இருந்தது, வாரக்கணக்கில் புகைந்தது. பிளாஸ்டிக் எரிந்த அந்தப் புகையில் கைக்குழந்தைகளும் ஆஸ்துமாக்காரக் கிழவர்களும் இருந்தார்கள்.

இதை எதற்குச் சொல்கிறேன்? குப்பைமலை இருக்கும்போது மாட்டுச் சாணம் இருந்தால் என்ன என்று கேட்பதற்காக இல்லை. ஒரு கேடு இன்னொரு கேட்டை நியாயமாக்காது. நான் சுட்டிக்காட்ட விரும்புவது வேறு. ஒரு மாநிலத்தின் மொத்தக் குப்பையும் ஓர் இடத்தில் குவிகிறபோது அதைச் சரிசெய்ய ஆய்வு, திட்டம், ஒதுக்கீடு, படிப்படியான மேம்பாடு என்று காலம் கொடுக்கிறோம். கொடுக்கத்தான் வேண்டும், ஒரே நாளில் ஆகிற காரியமில்லை. மூன்று மாடு வைத்திருப்பவருக்கு அந்த அவகாசத்தில் ஒரு துளிகூடக் கிடைப்பதில்லை. அவருக்குத் திட்டம் கிடையாது, ஆலோசனை கிடையாது, கெடு மட்டும் உண்டு. சுகாதார அமலாக்கம் ஆபத்தின் அளவைப் பார்த்து நடந்தால் இப்படி ஆகாது. புகாரைப் பார்த்து நடப்பதால்தான் ஆகிறது. வேலிக்கு அந்தப் பக்கம் கண்ணுக்குத் தெரிவது யாரோ, அவர் மேல் புகார் போகிறது.

ஒரு நோட்டீசை நானே வாசித்திருக்கிறேன். பினாங்குக்கு வெளியே, ஒரு சிற்றூர். எந்த அலுவலகம் என்பது இங்கே வேண்டாம். தூரத்து உறவில் எனக்கு அத்தை முறையாகும் ஒருவர், பழைய தோட்டம் வீடமைப்புப் பகுதியானபோது ஓரத்தில் ஒட்டிக்கொண்டு நின்றுவிட்டவர், நான்கு மாடு வைத்திருந்தார். மலாயில் வந்த கடிதத்தை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார். "என்னா தம்பி எழுதியிருக்கான், படி." படித்தேன். கால்நடைகளைப் பதினான்கு நாளுக்குள் அப்புறப்படுத்த வேண்டும், தவறினால் சட்ட நடவடிக்கை. அவ்வளவுதான். சாணத்தைப் பற்றி ஒரு சொல் இல்லை. கால்வாயைப் பற்றி இல்லை. ஈயைப் பற்றி இல்லை. கொட்டகை வீட்டிலிருந்து எத்தனை அடி தள்ளியிருக்க வேண்டும் என்று இல்லை. அத்தை கேட்டார்: "எதைச் சரிபண்ணணும்னு சொல்லலியா?" சொல்லவில்லை.

புகார் கொடுத்தவர் வீட்டுக்கும் போனேன். அதை மறைத்துவிட்டு இந்தக் கட்டுரையை எழுதினால் நேர்மையாக இருக்காது. இரண்டு சின்னப் பிள்ளைகள் உள்ள வீடு. அடுப்படியில் விளக்குக்குக் கீழே ஈ ஒட்டும் காகிதம் தொங்கியது. முதல் நாள் மாலை புதிதாகத் தொங்கவிட்டதாம், மறுநாள் காலையில் மஞ்சள் தெரியாத அளவுக்குக் கறுத்துப் போயிருந்தது. மேசைமேல் குழந்தையின் பால் புட்டிகளை வரிசையாக வைத்து அதன்மேல் சாப்பாட்டு மூடியைக் கவிழ்த்து, மூடியின் ஓட்டைகளுக்கு மேல் ஈரத்துணியைப் போர்த்தியிருந்தார் அந்தப் பெண். "அண்ணே, நான் மாட்டைக் கொல்லச் சொல்லல. புள்ள வாயில வைக்கிற புட்டியில ஈ உக்காருது. நான் யார்கிட்ட போய்ச் சொல்றது?" அவர் சொன்னதில் ஒரு சொல்லையும் மறுக்க முடியாது. மாடு நமது பண்பாடு, பொங்கலுக்குப் படைக்கிறோம், கோமாதா என்றெல்லாம் பேசி அவர் வாயை அடைக்க முயல்கிறவர்களோடு நான் இல்லை. அடுப்படியில் ஈ மொய்ப்பது ஒரு தாய்க்கு நியாயமான குறை. தீர்க்கப்பட வேண்டிய குறை.

ஆனால் அந்தக் குறை மாடா, சாணமா? இங்கேதான் நம் பேச்சு வழி தவறுகிறது.

வீட்டு ஈ மாட்டின் மேல் பிறப்பதில்லை. ஈரமான சாணக் குவியலில் முட்டையிடுகிறது. நம் வெப்பத்தில் முட்டை புழுவாகி, புழு கூடாகி, கூடு ஈயாகப் பறக்க ஏழு முதல் பத்து நாள் ஆகும். அந்தப் பத்து நாள் குவியல் கலையாமல் கிடந்தால் ஈ. அதற்குள் இரண்டு முறை அள்ளிவிட்டால், அல்லது வெயிலில் மெல்லியதாகப் பரப்பிக் காயவிட்டால், அல்லது குவித்துத் தார்ப்பாயால் இறுக்க மூடி உள்ளே சூடேற விட்டால், புழு செத்துப்போகும். நம் பாட்டிமார் சாணத்தை வறட்டி தட்டிச் சுவரில் ஒட்டியபோது அதைத்தான் செய்தார்கள். அத்தையின் கொட்டகையில் பிரச்சினை எங்கே இருந்தது தெரியுமா? முன்பெல்லாம் சாணத்தைக் காய்கறித் தோட்டக்காரர் வாரம் ஒருமுறை வண்டியில் வந்து எடுத்துப் போவார். அந்தத் தோட்டம் கடைவீடுகளாகிவிட்டது, அவர் வருவது நின்றது. ஒரு நாட்டு மாடு நாளைக்குப் பத்துப் பதினைந்து கிலோ சாணம் போடும். நான்கு மாட்டுக்கு ஐம்பது கிலோ. அதை எங்கே கொண்டுபோய்ப் போடுவது? குப்பை வண்டி எடுக்காது. கொட்டகைக்குப் பின்னால் மழைநீர்க் கால்வாயோரம் குவிந்துகொண்டே போனது. அந்தக் குவியலின் ஓரத்தை ஒரு குச்சியால் கிளறிப் பார்த்தேன். மேல்தோல் காய்ந்து கறுத்திருந்தது, இரண்டு விரல் ஆழத்தில் வெள்ளைப் புழுக்கள் அரிசி கொதிப்பதுபோல் நெளிந்தன. பக்கத்து வீட்டு அடுப்படி ஈ எங்கிருந்து வருகிறது என்று அந்த ஒரு பார்வையில் தெரிந்தது. அதிகாரி அந்தக் குச்சியை எடுத்திருந்தால் அவருக்கும் தெரிந்திருக்கும்.

சட்டமும் அதைத்தான் கேட்கிறது. 1976ஆம் ஆண்டின் ஊராட்சிச் சட்டம், அதாவது சட்டம் 171, தொல்லைகளைப் பற்றிப் பேசும் பகுதியை நிதானமாகப் படியுங்கள். விலங்கு வைத்திருப்பதே தொல்லை என்று அது சொல்வதில்லை. உடல்நலத்துக்குக் கேடாகும் விதத்தில், கேடாகும் இடத்தில் வைத்திருப்பதுதான் தொல்லை. அறிவிப்பும் அந்தத் தொல்லையை நீக்கச் சொல்லித்தான் வர வேண்டும். பிரிட்டிஷ் பொதுச் சுகாதாரச் சட்டங்களிலிருந்து வழிவழியாக வந்த முறை அது. தொல்லை எது, அதை எப்படி நீக்குவது என்று சொல்லாமல் மாட்டை மட்டும் நீக்கச் சொல்லும் கடிதம், அந்தச் சட்டத்தின் எளிதான பாதியை மட்டும் எடுத்துக்கொள்கிறது. லாரியை அனுப்புவது எளிது, கால்வாயோரம் குனிந்து பார்ப்பது கடினம்.

"நாற்றம் அடிக்கிறதே, நாற்றமே நோய்தானே" என்பார்கள். இது புதிய எண்ணமில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் லண்டனே இப்படித்தான் நம்பியது. அங்கே பொதுச் சுகாதாரத்தைத் தொடங்கி வைத்த எட்வின் சாட்விக், நாற்றம் வேறு நோய் வேறு என்று பார்க்கவே இல்லை. சாக்கடை நாறுகிறது என்று அதைத் தேம்ஸ் ஆற்றுக்குத் திருப்பினார்கள். ஆற்றுத் தண்ணீரைக் குடித்தவர்களுக்குக் காலரா வந்தது. 1854இல் பிராட் தெருக் குழாயைக் காட்டிக் காலரா தண்ணீரில் வருகிறது என்று சொன்ன ஜான் ஸ்னோவை எல்லாருக்கும் தெரியும். அடுத்த ஆண்டு அவர் செய்தது அதிகம் பேருக்குத் தெரியாது. எலும்பு காய்ச்சுபவர்கள் போன்ற நாற்றத் தொழில்காரர்களை ஒடுக்க ஒரு மசோதா வந்தபோது, அவர் நாடாளுமன்றக் குழு முன்னால் போய், அந்த நாற்றம் அருவருப்பானது, ஆனால் தொற்றுநோய் அதிலிருந்து வருவதில்லை என்று சாட்சி சொன்னார். லான்செட் மருத்துவ இதழ் அதற்காக அவரைக் கடுமையாகச் சாடியது. ஏழைகளின் தெருவில் நல்ல தண்ணீர் ஓட வேண்டும் என்பதுதான் அந்த மனிதரின் கவலையாக இருந்தது. மூக்கை நம்பிப் போனால் குழாயைக் கோட்டைவிடுவோம் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

நம் ஊருக்கு அதைப் பொருத்திப் பாருங்கள். 2019இல் மட்டும் மலேசியாவில் 130,101 பேருக்கு டிங்கிக் காய்ச்சல் வந்தது, 182 பேர் இறந்தார்கள். ஏடிஸ் கொசு சாணத்தில் வளர்வதில்லை. பூச்சட்டித் தட்டிலும் பழைய டயரிலும் கூரைத் தகரத்தின் மடிப்பிலும் தேங்கிய தெளிந்த நீரில் வளர்கிறது. எலிச்சிறுநீரால் வரும் காய்ச்சலுக்குச் சந்தைக் கழிவும் அடைத்த கால்வாயும் பெரிய காரணங்கள். இந்த ஆபத்துகள் நாறுவதில்லை, கத்துவதில்லை, வேலிக்கு மேல் தலை நீட்டுவதில்லை. அதனால் அண்டை வீட்டார் இவற்றைப் பற்றிப் புகார் கொடுப்பது குறைவு. மாட்டுக்கும் அதற்கே உரிய நோய்கள் உண்டு, புருசெல்லா உண்டு, காசநோய் உண்டு, காய்ச்சாத பால் ஆபத்தானது. ஆனால் அவற்றைத் தடுப்பது கால்நடை மருத்துவச் சேவைத் துறையின் இரத்தப் பரிசோதனை, மாட்டுக்குப் பதிவு எண், பாலைக் காய்ச்சிக் குடிக்கும் பழக்கம். இவற்றுக்கெல்லாம் மாடு இருக்கும் இடம் துறைக்குத் தெரிந்திருக்க வேண்டும். கெடு வைத்து விரட்டினால் முதலில் நடப்பது என்ன? மாடு இரவோடு இரவாக இன்னொரு செம்பனைக் காட்டுக்குள் போகிறது. எந்தப் பதிவேட்டிலும் அது இருக்காது.

அவசரம் எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு இந்த நாடே கொடுத்த பாடம் ஒன்று இருக்கிறது. 1998 செப்டம்பரில் பேராக்கின் கிந்தா மாவட்டத்தில் பன்றி வளர்ப்பவர்களிடையே மூளைக்காய்ச்சல் தோன்றியது. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் என்று நினைத்துக் கொசு மருந்து அடித்தார்கள், தடுப்பூசி போட்டார்கள். காய்ச்சல் நிற்கவில்லை. பயந்துபோன பண்ணைக்காரர்கள் கிடைத்த விலைக்குப் பன்றிகளை விற்றார்கள். விற்ற பன்றிகளோடு நோயும் லாரி ஏறித் தெற்கே நெகிரி செம்பிலானின் புக்கிட் பிலாண்டோக்குக்குப் போனது. 1999 மார்ச்சில்தான் மலாயாப் பல்கலைக்கழகத்தில் சுவா காவ் பிங் அது முற்றிலும் புதிய கிருமி என்று கண்டுபிடித்தார். சுங்கை நிப்பா என்ற கிராமத்தின் பெயரே அதற்கு வைக்கப்பட்டது. நோய் அடங்குவதற்குள் மலேசியாவில் 265 பேர் நோயுற்று 105 பேர் இறந்தார்கள், பத்து லட்சம் பன்றிகளுக்கு மேல் கொல்லப்பட்டன. பழந்தின்னி வௌவாலிலிருந்து பன்றிக்கு வந்த கிருமி அது. பன்றிப் பட்டிக்கு மேலேயே பழமரம் நட்டிருந்ததில்தான் தொடர்பு ஏற்பட்டது என்று பிறகு தெரிந்தது. விலங்கு எங்கே, எப்படி, எதன் அருகில் வைக்கப்படுகிறது என்பதுதான் கேள்வி. விரட்டியபோது நோய் பரவியது, தெரிந்துகொண்டபோதுதான் நின்றது.

பினாங்கிலேயே நியாயமான எதிர்ப்புக்கும் எடுத்துக்காட்டு உண்டு. தாசேக் குளுகோரில் கம்போங் சிலாமாட் மக்கள், பன்றிப் பண்ணைக் கழிவு கலந்து சுங்கை கெரே ஆறு கெட்டுப்போனதை எதிர்த்து நெடுங்காலம் போராடினார்கள். அவர்கள் பக்கம் உண்மை இருந்தது. மாநிலம் என்ன செய்தது? பன்றிப் பண்ணைகளுக்கெனத் தனிச் சட்டம் கொண்டுவந்தது, மூடிய பண்ணை முறைக்கு மாறச் சொன்னது, மாறுவதற்குக் கால அவகாசம் தந்தது. அந்த அவகாசம் அதிகமா குறைவா என்று விவாதிக்கலாம். ஆயினும் கழிவு எங்கே போகிறது என்று பார்த்து, முறையை மாற்றச் சொல்லும் அணுகுமுறை அது. ஆயிரக்கணக்கில் வளர்ப்பவருக்குக் கிடைக்கும் அந்த அணுகுமுறை நான்கு மாட்டுக்காரருக்கும் கிடைக்க வேண்டும் என்றுதான் கேட்கிறேன்.

அடுத்து, யார் முதலில் வந்தது என்ற வாதம். மாட்டுக்காரர்கள் இதைத்தான் நம்பிக்கையோடு சொல்வார்கள்: "நாங்க நூறு வருசமா இருக்கோம், தாமான் நேத்து வந்தது." அவர்களுக்காகப் பேசுகிற நானே சொல்கிறேன், சட்டத்தின் முன் அது மட்டும் போதாது. இங்கிலாந்தில் 1879இல் தீர்ப்பான ஸ்டர்ஜஸ் எதிர் பிரிட்ஜ்மன் வழக்கில், மிட்டாய்க்காரர் ஒருவர் இருபது ஆண்டுக்கு மேலாக உரலில் இடித்துக்கொண்டிருந்தார். பக்கத்து வீட்டு மருத்துவர் பிறகு வந்து, சுவரையொட்டி அறை கட்டி, சத்தம் தொல்லை என்றார். மருத்துவர்தான் வென்றார். ஆங்கிலப் பொதுச் சட்டத்தைப் பின்பற்றும் நம் நீதிமன்றங்களும் அந்தக் கோட்பாட்டை எளிதில் தள்ளிவிட முடியாது.

ஆனால் அதற்குப் பிறகு சட்டச் சிந்தனை இன்னும் ஓரடி எடுத்து வைத்தது. அமெரிக்காவின் அரிசோனாவில் ஸ்பர் என்ற கம்பெனி ஊருக்கு வெகு வெளியே மாட்டுப்பட்டி வைத்திருந்தது. நம் நான்கு மாட்டுக் கதையில்லை அது, இருபதாயிரத்துக்கு மேற்பட்ட மாடுகள். வெப் என்ற வீடமைப்புக் கம்பெனி, நிலம் மலிவு என்று அந்தப் பக்கமாகவே ஓய்வுபெற்றோருக்கு ஒரு நகரத்தைக் கட்டிக்கொண்டே வந்து, கடைசியில் பட்டியின் வாசலில் முட்டியது. ஈயும் நாற்றமும் தாங்க முடியாமல் வழக்கு. 1972இல் அரிசோனா உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு இது: குடியிருப்பவர்களின் உடல்நலம் முக்கியம், ஆகவே பட்டி போகத்தான் வேண்டும். ஆனால் மாடு இருப்பது தெரிந்தே மக்களை அங்கே கொண்டுவந்து குடியேற்றி இலாபம் பார்த்தது வீடமைப்புக் கம்பெனி. ஆகவே பட்டியை இடம் மாற்றும் செலவை அந்தக் கம்பெனி கொடுக்க வேண்டும்.

இந்த ஒரு தீர்ப்பை நம் தாமான் கூட்டங்களில் யாராவது வாசித்துக் காட்ட வேண்டும். இதில் குழந்தையின் பால் புட்டிக்கும் நியாயம் இருக்கிறது, மாட்டுக்காரரின் பிழைப்புக்கும் நியாயம் இருக்கிறது. தோட்டத்தை விற்றவருக்குப் பணம் வந்தது. வாங்கி மனை போட்டவருக்கு இலாபம் வந்தது. வீடு வாங்கியவர் முப்பது ஆண்டுக் கடனில் இருக்கிறார், மாடு கட்டியிருந்தவர் மேய்ச்சல் நிலத்தை இழந்து நிற்கிறார். கடனாளியும் நிலமிழந்தவரும் வேலிக்கு இரு பக்கமும் நின்று சண்டை போடுகிறார்கள். இலாபம் பார்த்தவர் அந்தத் தெருவிலேயே இல்லை. அமலாக்க அதிகாரி வந்து இந்த இருவரில் ஒருவருக்கு நோட்டீசு கொடுக்கிறார்.

பினாங்குத் தமிழர்களுக்கு இதில் ஆறாத வடு ஒன்று உண்டு. குளுகோரில் கம்போங் புவா பாலா. மாடும் ஆடும் வளர்த்த தமிழர் கிராமம். அந்த மாடுகளுக்காகவே, அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரின் பெயரை வைத்து ஹை சப்பரால் என்றுகூட அதைச் செல்லமாக அழைத்தார்கள். 2009இல் வழக்கு கூட்டரசு நீதிமன்றம் வரை போய்த் தோற்று, அவ்வாண்டு செப்டம்பரில் வீடுகள் இடிக்கப்பட்டன. அங்கே பிரச்சினை நிலவுரிமை, சுகாதாரம் இல்லை. குடும்பங்கள் பலவற்றுக்கு இரட்டை மாடி வீடு பேசி முடிக்கப்பட்டது. ஆனால் மாடு எங்கே போகும் என்ற கேள்வி அந்தப் பேச்சுகளில் ஓரத்தில்தான் நின்றது. வீட்டுக்கு மாற்று வீடு உண்டு என்று நாம் ஒப்புக்கொள்கிறோம். கொட்டகைக்கு மாற்றுக் கொட்டகை உண்டு என்று இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.

சாலையில் திரியும் மாட்டைப் பற்றி நான் வாதாடப் போவதில்லை. இருட்டில் விளக்கில்லாத தோட்டப் பாதையில் கறுப்பு மாட்டின் மேல் மோட்டார் சைக்கிள் மோதினால் போகிற உயிர் பெரும்பாலும் இரவு வேலை முடிந்து திரும்பும் தொழிலாளியின் உயிர். மாட்டை அவிழ்த்து விடுகிறவர் தண்டிக்கப்படட்டும், மாடு பிடிக்கப்படட்டும். சென்னை அரும்பாக்கத்தில் 2023 ஆகஸ்டில் பள்ளி விட்டு வந்த சிறுமியை ஒரு மாடு முட்டித் தூக்கிய காட்சியைப் பார்த்தவர் யாரும் இதில் இரக்கம் காட்ட மாட்டார்கள். அதன் பிறகு சென்னை மாநகராட்சி அபராதத்தை உயர்த்தியது. அபராதம் மட்டும் போதவில்லை என்று கண்டு, வீட்டில் இடமில்லாத மாட்டுக்காரர்களுக்குப் பொதுக் கொட்டகைகள் கட்டவும் இறங்கியது. கட்டி வைக்க இடமில்லாதவரிடம் கட்டி வை என்று சொல்லிப் பயனில்லை என்பதை ஒரு பெருநகரம் உணர்ந்திருக்கிறது. நிலம் அதைவிடத் தாராளமாக உள்ள செபராங் பிறையிலும் கெடாவிலும் பேராக்கிலும் இதை ஏன் செய்ய முடியாது?

செம்பனைக்குக் கீழே மாடு மேய்ப்பது நல்லது என்று சொல்வது நான் மட்டுமில்லை. களைக்கொல்லிச் செலவு குறைகிறது, இறைச்சி கிடைக்கிறது என்று மலேசியச் செம்பனை எண்ணெய் வாரியமே மாடும் செம்பனையும் சேர்ந்த வளர்ப்பு முறையை ஊக்குவித்து வந்திருக்கிறது. நம் நாட்டின் மாட்டிறைச்சித் தேவையில் நான்கில் ஒரு பங்குகூட உள்நாட்டில் கிடைப்பதில்லை. மீதி வெளிநாட்டிலிருந்து வருகிறது. கம்பெனி செய்தால் ஒருங்கிணைந்த வளர்ப்பு, பழைய தோட்டத் தொழிலாளி செய்தால் தொல்லை என்ற நிலை நீடிக்கக் கூடாது.

அத்தையின் கெடுவில் ஐந்து நாள் போயிருந்தபோது நாங்கள் பதில் கடிதம் எழுத உட்கார்ந்தோம். குவியலை முழுதும் அகற்றுவது, கொட்டகையை வேலியிலிருந்து முப்பது அடி உள்ளே தள்ளுவது, தரையைச் சிமெண்டு போட்டுச் சரிவாக்கி மூத்திரம் கால்வாயில் கலக்காமல் தொட்டியில் விழச் செய்வது, கால்நடை மருத்துவச் சேவைத் துறையில் நான்கு மாட்டையும் பதிவு செய்து இரத்தம் பரிசோதிப்பது, மூன்று மாத அவகாசம் கேட்பது. கருப்பியையும் செவலையையும் வைத்துக்கொண்டு மற்ற இரண்டை விற்றுவிடத் தயார் என்று அத்தையே சொன்னார். அதைச் சொல்லும்போது அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. வரைவை எடுத்துக்கொண்டு பக்கத்து வீட்டுக்குப் போனேன். அந்தப் பெண் அடுப்படியில் நின்றபடியே இரண்டு முறை படித்தார். சாணம் வாரம் இருமுறை அள்ளப்படும் என்ற வரியில் விரலை வைத்தார்.

"இப்படிப் பொதுவா எழுதாதீங்கண்ணே. என்ன கிழமை, எத்தனை மணிக்குன்னு எழுதுங்க. நான் பார்த்துக்குவேன்."

திங்கள், வியாழன், காலை பத்து மணிக்குள் என்று திருத்தி, மறுநாள் கொண்டுபோய்க் கொடுத்து, முத்திரை வாங்கி வந்தோம்.